ஏவலுக்கு நடித்தவர் ஏவும் இடத்திற்கு வந்த வரலாறு

மலாய் மொழிப் பேசும் படங்களின் ஆதி வரலாற்றை ஆராய்வோர்க்கு ஓர் உண்மை கண்கூடு. முதல் போட்டோர் சீனர். திரையில் நடித்தோர் மலாய்க்காரர். காமிரா நிற்குமிடம் குறித்து, "நடி" என்று ஏவிய டைரக்டர்களோ பெரும்பாலும் இந்தியாவினின்று வந்தோர். 1934ஆம் வருஷம் "லைலா மஜ்னூன்" எடுத்த பி. எஸ். ராஜ்ஹன்ஸ் கல்கத்தாவினர். சென்னையிற் பிறந்து பினாங்கில் வளர்ந்த எல். கிருஷ்ணன் நம்மவர். இதைச் சொல்லி மார்தட்டுவதோடு நம்மிற் பலர் நின்றுவிடுகின்றனர். அப்பெருமை பொய்யன்று; ஆயினும் அது பாதிக் கதையே.

மறு பாதி, 1929இல் பினாங்கிற் பிறந்த பி. ரம்லியினுடையது. 1948இல் புக்கிட் மெர்தாஜாமில் அவர் பாடக் கேட்ட ராஜ்ஹன்ஸ், சிங்கப்பூருக்கு அழைத்துக்கொண்டார். ஜாலான் அம்பாஸ் வீதியில் ஷா சகோதரர் நடத்திய ஸ்டூடியோவில் பின்னணிப் பாடகராகவும் சில்லறை வேடக்காரராகவும் ரம்லி தொடங்கினார். 1950இல் "பக்தி" படத்தில் அவரைக் கதாநாயகனாக்கியவர் கிருஷ்ணன். பிறர் ஏவலுக்கு நடித்த அந்த ஏழு வருஷமும் ஸ்டூடியோவே அவருக்குப் பள்ளிக்கூடமாயிற்று.

1955இல் "பெனாரிக் பெச்சா" வெளிவந்தது. டைரக்டரும் ரம்லி, கதாநாயகனும் ரம்லி. மலாய்க்காரர் படம் டைரக்ட் செய்தது அதுவே முதன்முறை என்பார் உளர், அது தவறு. ஹாஜி மஹாடி 1952லேயே அதைச் செய்துவிட்டார். ரம்லியின் சிறப்பு வேறு. அவர் தம் முதற் படத்திற்கு அரசகுமாரனைத் தேடவில்லை. மூன்று சக்கர வண்டி மிதித்துப் பிழைக்கும் ஏழையை நடுவில் நிறுத்தினார். பணத்தைக் கொண்டே மனிதனை அளக்கும் செல்வரை எதிரில் நிறுத்தினார். செல்வரின் மகள் அவ்வேழையை விரும்புகிறாள். கதை எளியதே, ஆனால் தெருவில் நாம் கண்டும் காணாமற் போகும் ஒருவன், அன்று திரையில் நிமிர்ந்து நின்றான்.

திரைக்கு வெளியேயும் இதே வழக்கு எழுந்தது. ரம்லி மலாயாக் கலைஞர் சங்கமான பெர்சாமாவின் தலைவர். 1957இல் ஸ்டூடியோ நிர்வாகம் ஐவரை வேலைநீக்கம் செய்யவே, நடிகரும் தொழிலாளரும் வேலைநிறுத்தத்தில் இறங்கினர். ஐவரும் மீண்டும் சேர்க்கப்பட்டனர். தோட்டத்துச் சம்பளப் புத்தகம் எழுதும் என் போன்றாருக்கு, அவர் பெற்ற பரிசுகளினும் இச்செய்தியே பெரிதாகப் படுகிறது.

பரிசுகளும் குறைவல்ல. மலாக்கா மண்ணின் வீரனைப் பற்றிய "ஹாங் துவா" 1956இல் வந்தது. டைரக்டரான பின்னும் ரம்லி அதில் ஃபணி மஜும்தார் என்னும் வங்காளியின் கீழ் அடங்கி நடித்தார். அப்படத்தின் இசைக்காக ஹாங்காங் ஆசியப் படவிழாவிற் பரிசும் பெற்றார். மறு வருஷம் டோக்கியோவில், "அனாக்கு சசாலி"க்காகச் சிறந்த நடிகர் எனப்பட்டார்.

1964இல் கோலாலம்பூர் மெர்டேகா ஸ்டூடியோவிற்கு மாறிய பின் பழைய செழிப்பு இல்லை. இந்தோனேசியாவுடன் நேர்ந்த பகையால் அந்நாட்டுச் சந்தை போயிற்று, டெலிவிஷன் வந்தது, சிங்கப்பூர் ஸ்டூடியோ 1967இல் மூடப்பட்டது. 1972இல் கடைசிப் படம் எடுத்த ரம்லி, 1973 மே 29ஆம் தேதி, தமது 44ஆம் வயதில் மாண்டார். "டான் ஸ்ரீ" பட்டம் அளிக்கப்பட்டது 1990இல். அப்போது அவரை அடக்கம் செய்து 17 வருஷம் ஆகியிருந்தது.