சூரியனை நோக்கிய காமிரா

காமிராவைச் சூரியனுக்கு நேரே திருப்பலாகாது, கதிர் உட்புகுந்து பிலிமைக் கருக்கிவிடும் என்பது படத்தொழிலாளரிடையே வேதவாக்காக வழங்கிற்று. சோதித்துப் பார்க்கத் துணிந்தவர் எத்தனை பேர்? 1908-இல் கியோத்தோவிற் பிறந்து, இளமையில் மைச்சித்திரம் பயின்று, 1926-இல் நிக்காத்சு கம்பெனியில் பிலிம் கழுவும் வேலைக்கமர்ந்தவர் கசுவோ மியாகாவா. 1950-இல் குரோசாவாவின் ‘ரஷோமோன்’ படத்திற்காக, இலைகளினூடே சூரியனையே நேராகப் பிடித்தார். பிலிம் கருகவில்லை! காட்டின் இருளுக்குள் பெரிய கண்ணாடிகளால் வெயிலைத் திருப்பிப் பாய்ச்சினார்; மழைத்தாரை புலப்படும்பொருட்டு நீரில் கறுப்பு மை கலக்கப்பட்டது. 1951-இல் அப்படம் வெனிஸில் தங்கச் சிங்கம் பெற்றது. புகழோ பெரும்பாலும் டைரக்டருக்கே போயிற்று. பழைய கழுவறைப் பயிற்சி வீணாகவில்லை. 1960-இல் இச்சிகாவாவின் ‘ஒத்தோத்தோ’ படத்தில், வண்ணப் பிலிமிலுள்ள வெள்ளியை நீக்காது நிறுத்தி நிறங்களை மங்கச்செய்தார். ஆண்டுகள் பல கடந்தபின் ஹாலிவுட்டும் அம்முறையைக் கையாண்டது.