அலைக்கு முந்திய நாட்கள்

2004 டிசம்பர் 26க்குப் பிறகு எழுவான்கரைக்கு ஏராளமான கமராக்கள் வந்தன. அம்பாறை மாவட்டத்தில் மட்டும் பத்தாயிரத்துக்கும் மேற்பட்டோர் மௌத்தான பேரழிவை உலகமே பார்த்தது. ஆனால் அதற்கு முந்திய சனிக்கிழமை மருதமுனையில் தறி எப்படி ஓடியது, சாய்ந்தமருதில் கரைவலை எப்படி இழுபட்டது என்று ஒரு பிள்ளை கேட்டால் காட்டுவதற்குப் படம் கிடைப்பது அரிது. நாம் அழும்போது எம்மைப் படம்பிடித்தார்கள். வாழ்ந்த நாட்களை யாரும் பிடிக்கவில்லை; நாமும் பிடிக்கவில்லை.

விவரணப்படத்தின் வரலாற்றில் இந்தக் குறை பழையது. 1934இல் பசில் ரைட் எடுத்த 'சோங் ஒஃப் சிலோன்' இலங்கையைப் பற்றிய புகழ்பெற்ற படம். தோட்டக் காட்சிகளின் மேல் வணிகச் சந்தைக் குரல்களை ஓடவிட்ட அதன் ஒலியமைப்பு அன்று பெரும் புதுமை. ஆனால் அது தேயிலைப் பிரசாரத்துக்கென எடுக்கப்பட்டது. அதன் உரை, 1660இல் மூதூருக்கு அருகே கொட்டியாரத்தில் பிடிபட்ட ரொபர்ட் நொக்ஸின் 1681ஆம் ஆண்டு நூலிலிருந்து பெறப்பட்டது. கொழுந்து பறித்தவர் தம் வாழ்வைத் தாமே சொல்லும் இடம் அதில் இல்லை.

1960ஐ ஒட்டித் தோளில் சுமக்கத்தக்க கமராவும் கூடவே ஒலியைப் பதியும் கருவியும் வந்தபோது நிலைமை மாறியது. பிரான்சில் ழான் ரூஷும் எட்கார் மொரனும் 1961இல் வெளியிட்ட படத்தில், பதிவான காட்சிகளை அதில் தோன்றியவர்களுக்கே போட்டுக் காட்டி, அவர்கள் சொன்ன அபிப்பிராயங்களையும் படத்தில் சேர்த்தனர்.

இந்த வழியில் தமிழ்நாட்டிலிருந்து சுயாதீனமாக இயங்குபவர் ஆர்.வி. ரமணி. புனே திரைப்பட நிறுவனத்தில் ஒளிப்பதிவு பயின்ற அவர், தாமே படம்பிடித்துத் தாமே தொகுப்பவர். 2003இல் வந்த 'நீ எங்கே' படத்தில் தோற்பாவைக் கூத்துக் கலைஞர்களைத் தேடிப் பயணித்தார். அவருடைய கமராவும் 2004 சுனாமியில் அழிந்தது. அது கடைசியாகப் பதிந்த காட்சிகளும் போயின. இழந்த அந்தக் கமராவையும் அது கண்ட நாட்களையும் நினைவுகூர்ந்து 2011இல் 'மை கமரா அண்ட் சுனாமி' என்ற படத்தைச் செய்தார். பேரலையைக் காட்ட முடியாதவருக்கு, அதற்கு முன் சாதாரணமாகப் பதிந்து வைத்தவையே கைகொடுத்தன.

படம்பிடிப்பதில் மார்க்க ரீதியான தயக்கம் நம்மில் சிலரிடம் உண்டு. வீட்டுப் பெண்களைப் பற்றிய கூச்சமும் உண்டு. அவற்றை மதித்தே இதைச் செய்யலாம். முகம் விரும்பாதவரின் கைகள் போதும், தறியின் ஓசை போதும். அனுமதி கேட்டு, பின்னணி இசை போடாமல், அவசரப்படாமல் ஒரு முழு நாள் கூடவே இருந்து பதிய வேண்டும். பதிந்ததை முதலில் அவர்களுக்கே காட்ட வேண்டும்.

இன்று கமரா எல்லோர் சட்டைப்பையிலும் இருக்கிறது. கல்யாண வீட்டுக்கு அதை நீட்டும் நம் இளைஞர்கள், ஒரு நாளாவது மூத்தம்மா பாய் இழைக்கும் திண்ணைக்கு எடுத்துச் செல்லட்டும்.