பாலாவின் மாணி: 13 வெற்றிகள், 12 சட்டமன்றங்கள்

கேரளச் சட்டமன்ற வரலாற்றில் கே. எம். மாணியின் கணக்கு ஒரு முரணோடு தொடங்குகிறது. அவர் தேர்தலில் வென்றது 13 முறை; உறுப்பினராக இருந்ததோ 12 சட்டமன்றங்களில்தான். 1965 மார்ச் தேர்தலில் எந்தக் கட்சிக்கும் பெரும்பான்மை கிடைக்கவில்லை. மொத்தம் 133 இடங்களில் மார்க்சிஸ்ட் கட்சிக்கு 40, காங்கிரசுக்கு 36, பிறந்து ஆறு மாதம்கூட ஆகாத கேரளா காங்கிரசுக்கு 23. ஆட்சி அமைக்க ஆளில்லாமல், ஒருநாள்கூடக் கூடாமலேயே அந்தச் சட்டமன்றம் கலைந்தது. பாலா என்ற புதிய தொகுதியில் முதன்முதலாக வென்ற 32 வயது வழக்கறிஞர், அவைக்குள் நுழைய 1967 வரை காத்திருக்க வேண்டியதாயிற்று. அதன்பின் 2019 ஏப்ரல் 9-ஆம் தேதி இறக்கும்வரை அவர் வேறு தொகுதியில் நின்றதுமில்லை, பாலாவில் தோற்றதுமில்லை.

இவ்வளவு நீண்ட சட்டமன்ற வாழ்க்கைக்குச் சொந்தச் செல்வாக்கைக் காரணமாகச் சொல்லிவிட்டு நகர்வது வழக்கம். கட்சி வேறுபாடின்றிப் பாலாக்காரர்கள் அவரை ‘மாணி சார்’ என்றே அழைத்தார்கள் என்பது உண்மைதான். ஆனால் வாக்கு எண்ணிக்கை வேறு கதை சொல்கிறது. 1970-இல் காங்கிரசின் எம். எம். ஜேக்கபை அவர் வென்றது வெறும் 364 வாக்குகளில். கடைசித் தேர்தலான 2016-இல் வித்தியாசம் 4,703. செல்வாக்கு என்பது ஊரறிந்த ஒன்றாக இருந்தும் தொகுதி கைநழுவும் விளிம்புவரை சில முறை போயிருக்கிறது. ஆகவே அவருடைய நீடிப்பின் வேரைக் குடியேற்ற விவசாயியின் நிலத்திலும், அந்த நிலத்துக்கான பட்டாவிலும், பட்டா வழங்கும் துறையை அவருக்குத் திரும்பத் திரும்பப் பெற்றுத்தந்த கேரளக் கூட்டணிகளின் மெலிந்த பெரும்பான்மையிலும் தேட வேண்டும் என்பது இக்கட்டுரையின் வாதம்.

பாலா அமைந்திருக்கும் மீனச்சில் வட்டாரம் ரப்பர் பூமி. சிரியன் கத்தோலிக்கச் சிறு, நடுத்தர விவசாயக் குடும்பங்கள் நிறைந்தது. நிலம் போதாமல் இங்கிருந்து புறப்பட்டவர்கள்தான் இடுக்கி மலைகளிலும் மலபாரின் காடுகளிலும் குடியேறி மிளகும் மரவள்ளியும் ரப்பரும் பயிரிட்டார்கள். உணவுப் பஞ்ச காலத்தில் அரசே அவர்களை மலையேற ஊக்குவித்தது. 1950-களில் உயர்நிலைக் குடியேற்றத் திட்டம் என்று ஒன்றையே திரு-கொச்சி அரசு வகுத்தது. தமிழர்கள் பெரும்பான்மையாக இருந்த தேவிகுளம், பீர்மேடு வட்டங்களில் மலையாளிகளைக் குடியமர்த்தும் நோக்கமும் அதில் இருந்தது என்பதைத் தமிழ் வாசகர்கள் மறந்திருக்க மாட்டார்கள். மலையேறியவர்களின் கையில் மண்வெட்டி இருந்தது, பத்திரம் இல்லை. காலம் மாறி, அதே அரசு அவர்களை ஆக்கிரமிப்பாளர்கள் என்று அழைக்கத் தொடங்கியபோது அவர்களுக்கு ஒரு கட்சி தேவைப்பட்டது.

அதற்கு முன்பே பாலாவில் காங்கிரஸ்மீது மனக்கசப்பு சேர்ந்திருந்தது. 1960-இல் பாலாய் சென்ட்ரல் வங்கி மூடப்பட்டபோது வட்டாரத்தின் சேமிப்பு முடங்கியது; டெல்லி தங்களைக் கைவிட்டதாகவே பலர் எடுத்துக்கொண்டார்கள். 1964-இல் கேரள உள்துறை அமைச்சர் பி. டி. சாக்கோ பதவி விலக நேர்ந்து, சில மாதங்களில் இறந்தும்போனார். அவருடைய ஆதரவாளர்களான 15 காங்கிரஸ் உறுப்பினர்கள் ஆர். சங்கர் அமைச்சரவையைக் கவிழ்த்தார்கள். அக்டோபர் 9-ஆம் தேதி கோட்டயத்தில் நாயர் சமூகத் தலைவர் மன்னத்து பத்மநாபன் பெயர் சூட்ட, கேரளா காங்கிரஸ் பிறந்தது. கே. எம். ஜார்ஜ் தலைவர். தொடங்கியவர்களின் முன்வரிசையில் மாணி இல்லை. மரங்காட்டுப்பிள்ளியில் 1933 ஜனவரி 30-ஆம் தேதி பிறந்து, திருச்சி புனித வளனார் கல்லூரியிலும் சென்னைச் சட்டக் கல்லூரியிலும் படித்து, கோழிக்கோட்டில் வக்கீல் தொழில் தொடங்கி, கோட்டயம் மாவட்டக் காங்கிரசில் செயலாளராக இருந்தவர் அவர்.

1970-இல் 364 வாக்குகளில் கிடைத்த இடம் அவருக்கு வாய்த்த நல்ல நேரம் என்றுதான் சொல்ல வேண்டும். நெருக்கடி நிலைக் காலத்தில் ஆயுள் நீட்டிக்கப்பட்ட அந்தச் சட்டமன்றம் 1977 வரை ஓடியது. 1975 டிசம்பரில், அதுவரை எதிர்வரிசையில் இருந்த கேரளா காங்கிரஸ் அச்சுத மேனன் அமைச்சரவையில் சேர, மாணி நிதியமைச்சரானார். 1976-இல் முதல் பட்ஜெட். நெருக்கடி நிலையின் நிழலில் வந்த பதவி என்பதை அவரைப் புகழ்ந்து எழுதுவோர் விரைவாகக் கடந்துவிடுகிறார்கள்.

1977-இல் உள்துறை கிடைத்தது. அவருடைய வெற்றி செல்லாது என்று உயர் நீதிமன்றம் தீர்ப்பளிக்கவே அந்த ஆண்டு டிசம்பரில் பதவி விலகினார், அதே கட்சியின் பி. ஜே. ஜோசப் அந்த இடத்துக்கு வந்தார். உச்ச நீதிமன்றத்தில் தீர்ப்பு மாறியதும் 1978 செப்டம்பரில் மாணி திரும்பினார், ஜோசப் விலகிக்கொண்டார். ஆனால் கட்சித் தலைமை யாருக்கு என்ற கேள்வி விலகவில்லை. 1979-இல் கட்சி பிளந்து, மாணியின் பெயரெழுத்தை அடைப்புக்குறிக்குள் தாங்கிய ‘கேரளா காங்கிரஸ் (எம்)’ உருவானது. வளர வளரப் பிளக்கும், பிளக்கப் பிளக்க வளரும் கட்சி என்று தன் கட்சியைப் பற்றி அவரே சொன்னது கேரளத்தில் பழமொழி அளவுக்குப் புழங்குகிறது. ஜோசப்போடு 1985-இல் இணைந்தார், 1987-இல் பிரிந்தார், 2010-இல் மறுபடி இணைந்தார். கட்சியின் சின்னம் இரட்டை இலை. தமிழ்நாட்டில் இச்சின்னம் பட்ட பாடு அறிந்தவர்களுக்குப் பின்னால் வரப்போகும் மோதல் வியப்பளிக்காது.

பிளவுகள் கட்சியை அழிக்காததற்கு எண்ணிக்கை காரணம். 1980-இல் நாயனாரின் இடது முன்னணி அரசில் மாணி நிதியமைச்சர். 1981 அக்டோபரில் ஏ. கே. அந்தோணியின் காங்கிரஸ் பிரிவைத் தொடர்ந்து அவரும் விலக, அரசு விழுந்தது. டிசம்பரில் கருணாகரன் அமைத்த அரசோ சபாநாயகரின் தீர்மான வாக்கால் உயிர்வாழ்ந்தது. மாணியின் கட்சியைச் சேர்ந்த லோனப்பன் நம்பாடன் என்ற ஒரே உறுப்பினர் 1982 மார்ச்சில் ஆதரவை விலக்கியதும் அதுவும் போயிற்று. 2011-இல் உம்மன் சாண்டி ஆட்சிக்கு வந்தபோது 140-இல் 72 இடங்கள். அதில் ஒன்பது மாணியுடையவை. இத்தகைய அவையில் ஒன்பது பேரை வைத்திருப்பவர் துறை கேட்க வேண்டியதில்லை, தேர்ந்தெடுத்துக்கொள்ளலாம்.

அவர் தேர்ந்தெடுத்தது என்ன என்பதைப் பார்த்தால் அரசியல் புரியும். 1991 முதல் 1996 வரையிலும், 2001 முதல் 2006 வரையிலும் வருவாயும் சட்டமும். முதல் காலகட்டத்தில், 1993-இல் வந்த சிறப்பு விதிகள்தாம் அவருடைய வாழ்க்கையின் மையம் என்பது என் கருத்து. 1977 ஜனவரி 1-க்கு முன் வனநிலத்தில் குடியேறியவர்களின் அனுபோகத்தை ஒழுங்குபடுத்திப் பட்டா கொடுக்க அவை வழிசெய்தன. மலையில் முப்பது நாற்பது ஆண்டு உழைத்த குடும்பத்துக்குப் பட்டா என்றால் வங்கிக் கடன், பிள்ளைகளுக்குப் பாகம் பிரிக்கும் உரிமை, நோட்டீஸ் வந்தால் நடுங்காத மனம். சுற்றுச்சூழல் அமைப்புகள் வழக்குத் தொடுத்தன. 2009-இல் உச்ச நீதிமன்றம் விதிகளுக்கு ஆதரவாகத் தீர்ப்பளித்தது. காட்டின் பரப்பு சட்டத்தாலேயே சுருங்கியது என்ற விமர்சனத்தில் நியாயம் உண்டு. மேற்குத் தொடர்ச்சி மலை குறித்த கஸ்தூரிரங்கன் அறிக்கையை 2013-இல் அவர் கட்சி அவ்வளவு உரக்க எதிர்த்ததும் அதே நிலத்துக்காகத்தான்.

இந்த அரசியலுக்கு அவர் ஒரு கோட்பாடும் எழுதினார்: உழைக்கும் வர்க்கக் கோட்பாடு. சொந்தமாகச் சிறிது நிலம் வைத்துத் தானே பாடுபடும் விவசாயியை மார்க்சியம் முதலாளிப் பக்கம் தள்ளிவிடுகிறது, அவனும் உழைப்பாளியே என்பது அதன் சாரம். கோட்பாடாக அது மெல்லியது; வாக்காளரை அடையாளம் காட்டிய வகையில் துல்லியமானது. பட்ஜெட்டுகளிலும் அந்த விவசாயியே தெரிகிறார், சற்று விரிந்த வடிவில். 2011-இல் வந்த காருண்யா லாட்டரி, சீட்டு விற்ற பணத்தைப் புற்றுநோய், இதய, சிறுநீரக நோயாளிகளின் சிகிச்சைக்குத் திருப்பியது. லாட்டரியை ஒழித்துவிட்ட தமிழ்நாட்டிலிருந்து பார்க்க இது விசித்திரமாகத் தோன்றலாம்.

மாணியின் 13-ஆவதும் கடைசியுமான பட்ஜெட் 2015 மார்ச் 13-ஆம் தேதி வந்தது. மூடப்பட்ட மதுபான பார்களைத் திறக்க அவர் ஒரு கோடி ரூபாய் லஞ்சம் பெற்றதாக முந்தைய ஆண்டு எழுந்த குற்றச்சாட்டை அவர் மறுத்திருந்தார். அவரைப் பட்ஜெட் படிக்க விடமாட்டோம் என்றது இடது முன்னணி. இரு தரப்பினரும் முந்தின இரவைச் சட்டமன்ற வளாகத்திலேயே கழித்தார்கள். காலையில் சபாநாயகர் என். சக்தன் மேடையேற முடியவில்லை. அவருடைய நாற்காலி கீழே தள்ளப்பட்டது, கணினிகள் உடைந்தன. சபாநாயகர் சைகையால் அனுமதி தர, தன் கட்சியினரும் அவைக் காவலர்களும் சூழ்ந்து நிற்க, 82 வயது மாணி தன் வழக்கமான இடத்தை விட்டு வேறோர் இருக்கையிலிருந்து சில நிமிடங்கள் படித்து உரையை மேசைமேல் வைத்தார். ஆளுங்கட்சியினர் அவையிலேயே லட்டு கொடுத்தார்கள். அந்தக் கூச்சலில் பலர் காதில் விழாமல் போனது, விலை வீழ்ந்த ரப்பருக்குக் கிலோ 150 ரூபாய் உறுதிசெய்ய 300 கோடி ஒதுக்கீடு. நவம்பரில் உயர் நீதிமன்றம் கடுமையாகக் கருத்துச் சொன்னதும் பதவி விலகினார். 2016 ஆகஸ்டில் ஐக்கிய ஜனநாயக முன்னணியையும் விட்டுச் சென்று, 2018-இல் திரும்பினார்.

அவர் இறந்தபின் தொகுதி எதிராளிக்குப் போயிற்று. 2006 முதல் மூன்று முறை அவரிடம் தோற்ற மாணி சி. காப்பன், 2019 செப்டம்பர் இடைத்தேர்தலில் 2,943 வாக்குகளில் வென்றார். இரட்டை இலை யாருக்கு என்று ஜோசப்பும், மாணியின் மகன் ஜோஸ் கே. மாணியும் மோதியதால், கட்சி வேட்பாளர் அன்னாசிப்பழச் சின்னத்தில் நின்று தோற்றார். 2020 அக்டோபரில் ஜோஸ் கட்சியை இடது முன்னணிக்கு அழைத்துச் சென்றார். 2021-இல் அந்த முன்னணி மீண்டும் ஆட்சியைப் பிடித்தது. ஜோஸ் பாலாவில் காப்பனிடமே தோற்றார்.

பட்ஜெட் நாளில் நடந்த சேதத்துக்காக இடது முன்னணி உறுப்பினர்கள்மீது தொடுக்கப்பட்ட வழக்கு அதற்குள் உச்ச நீதிமன்றம்வரை போயிருந்தது. குற்றஞ்சாட்டப்பட்டவர்களில் ஒருவரான வி. சிவன்குட்டி அப்போது கல்வியமைச்சர். வழக்கைத் திரும்பப்பெற அனுமதி கேட்ட அரசின் வழக்கறிஞர், ஊழல் குற்றச்சாட்டுக்கு ஆளான நிதியமைச்சரை எதிர்த்தே உறுப்பினர்கள் போராடினார்கள் என்று வாதிட்டார். அந்த அரசில் பங்கு வகித்த கேரளா காங்கிரஸ் (எம்) அதற்கு ஆட்சேபம் தெரிவிக்க வேண்டியிருந்தது. 2021 ஜூலை 28-ஆம் தேதி நீதிமன்றம் அரசின் கோரிக்கையை நிராகரித்தது. அவைக்குள் பொதுச்சொத்தைச் சேதப்படுத்துவதற்குச் சட்டமன்ற உரிமை கேடயமாகாது என்றும், வழக்கு நடந்தே தீரவேண்டும் என்றும் தீர்ப்பளித்தது.