பட்டம் தந்த அரசு

போருக்குப் பிந்தைய சோவியத் உக்ரைனில் கத்தெரீனா பிலோகுர் என்ற விவசாயப் பெண்ணை அரசு அடுத்தடுத்துக் கௌரவித்தது: 1949இல் ஓவியர் சங்க உறுப்பினர், 1956இல் உக்ரைனின் 'மக்கள் கலைஞர்'.

1900இல் பொக்தானிவ்கா கிராமத்தில் பிறந்தவர் அவர். பெண்ணுக்குப் படம் எதற்கு என்று வீடு தடுத்தது. ஏழாண்டுப் பள்ளிச் சான்றிதழ் இல்லாததால் கலைப்பள்ளியும் சேர்த்துக்கொள்ளவில்லை. 1934இல் அவர் சாகத் துணிந்து ஆற்றில் இறங்கிய பிறகே பெற்றோர் இணங்கினார்கள். தானே செய்த தூரிகைகளால் பூக்களை வரைந்தார், திருமணம் செய்துகொள்ளவில்லை.

பட்டங்கள் வந்தன, அன்றாடம் மாறவில்லை. கீவ் நகரில் வாழ விரும்பியவர் கிராமத்து வீட்டிலேயே இருந்தார். அடுப்பும் தோட்டமும் நோயுற்ற தாயும் அவர் பொறுப்பு. கூட்டுப்பண்ணைக் குடியானவர்களுக்கு உள்நாட்டுக் கடவுச்சீட்டு வழங்க 1974இல்தான் அரசு முடிவெடுத்தது. அதுவரை நகரத்தில் குடியேறுவது எளிதல்ல. 1961இல் தாய் இறந்த சில நாட்களில் அவரும் இறந்தார்.

'மக்களிடமிருந்து தோன்றிய கலைஞர்' என்று அரசு பெருமைப்பட்டது. அந்த மக்களில் ஒரு பெண் வரைவதற்கான நேரத்தை யாரிடமிருந்து பறித்தெடுக்க வேண்டியிருந்தது என்று அது கேட்கவில்லை. வீட்டுவேலை அதன் கணக்கில் உழைப்பாகவே சேரவில்லை. பெண் கலைஞர்களின் வரலாற்றை விருதுப் பட்டியலிலிருந்து மட்டும் எழுதினால் நாமும் அதே கணக்கைத்தான் எழுதுவோம்.