அரபு ஆசிரியராக நடித்த நகைச்சுவைக் கலைஞர்



திரைப்படங்களில் மொழியாசிரியர் பெரும்பாலும் கேலிப்பொருளாகவே வருகிறார். அந்தக் கேலியினூடேயும் ஆசிரியரின் கண்ணியத்தைக் காத்த ஒருவரைப் பற்றி இங்கு எழுத விரும்புகிறேன். அவர் எகிப்திய நடிகரும் திரைக்கதை ஆசிரியருமாகிய நகீப் அல்-ரிஹானி.

1889-ஆம் ஆண்டு கெய்ரோவில் பிறந்த ரிஹானியின் தந்தை ஈராக்கின் மோசுல் நகரத்தவர், தாய் எகிப்தியர். பிரெஞ்சுப் பள்ளியில் பயின்று, வேளாண் வங்கியில் எழுத்தராகப் பணியாற்றிய அவரது உள்ளம் மேடையையே நாடியது. 1916-இல் அவர் உருவாக்கிய ‘கிஷ்கிஷ் பே’, பருத்தி விற்ற பணத்தைக் கெய்ரோவின் கேளிக்கைகளில் தொலைக்கும் கிராமத் தலைவர். இப்பாத்திரமே அவருக்குப் புகழ் தேடித் தந்தது. பின்னர் பதீ கைரி என்னும் எழுத்தாளருடன் இணைந்து, வாழ்நாள் முழுவதும் நாடகங்களையும் திரைக்கதைகளையும் எழுதினார்.

அரபு மொழியிலும் தமிழைப் போலவே எழுத்து வழக்கும் பேச்சு வழக்கும் வேறுபட்டவை. இவ்விருவரும் கெய்ரோ மக்களின் பேச்சு வழக்கிலேயே உரையாடல்களை அமைத்தனர். 1937-இல் வெளிவந்த ‘சலாமா ஃபீ கைர்’ படத்தில், முதலாளியின் பணத்தை வங்கியில் செலுத்தச் செல்லும் கடை ஊழியர், வங்கி மூடியிருக்கவே, பணத்தைக் காக்க விடுதியில் தங்குகிறார்; அங்கோ அவரை இளவரசர் என்று எண்ணிவிடுகின்றனர்!

அவருடைய கடைசிப் படம் ‘கஸல் அல்-பனாத்’. இப்பெயர் பெண்களின் காதல் விளையாட்டையும் பஞ்சு மிட்டாயையும் ஒருங்கே நினைவூட்டுவது. இதில் ரிஹானி, பள்ளி வேலையை இழந்த ஏழை அரபு ஆசிரியர் ஹமாம். அரபுப் பாடத்தில் தோல்வியுற்ற செல்வர் மகள் லைலாவுக்குக் கற்பிக்கச் செல்கிறார். அவள்மீது காதல் கொள்கிறார். இறுதியில் அவளது நலம் கருதி விலகிக்கொள்கிறார். அப்துல் வஹாப் பாடும்போது அவர் பேசாமல் கண்ணீர் வடிக்கும் காட்சி இன்றும் போற்றப்படுகிறது. 1949 ஜூன் 8 அன்று ரிஹானி மறைந்தார். அதன் பின்னரே அப்படம் திரைக்கு வந்தது.

ஹமாமின் வறுமையையும் தடுமாற்றத்தையும் கண்டு நாம் சிரிக்கிறோம். அவருடைய நேர்மையை அச்சிரிப்பு தொடுவதில்லை. இந்த எல்லைக்கோடு நம் இல்லங்களிலும் வேண்டும் என்பேன். மொழியாசிரியரைப் பற்றிப் பெற்றோர் உதிர்க்கும் ஏளனச் சொல்லைப் பிள்ளைகள் கேட்டுக்கொண்டே இருக்கிறார்கள். மறுநாள் அதே செவிகளோடுதான் வகுப்பறைக்கு வந்து அமர்கிறார்கள்.