எஸ். டி. சுப்புலட்சுமி: தியாகபூமியின் சாவித்திரி

எஸ். டி. சுப்புலட்சுமி 1930களில் தமிழ்ப் பேசும்படங்களில் கதாநாயகியாக நடித்தவர். பெயரின் முன்னெழுத்து ‘எஸ்’ அவர் ஊரான ஸ்ரீவைகுண்டம். ‘டி’ தந்தை துரைசாமி. நவதிருப்பதிகளில் முதலாவதான கள்ளபிரான் கோயில் உள்ள இந்தத் தாமிரபரணிக் கரை ஊர் அன்று திருநெல்வேலி மாவட்டத்தில் இருந்தது. எம். எஸ். சுப்புலட்சுமியும் இதே காலத்தில் ‘சேவாசதனம்’ (1938) வழியாகத் திரைக்கு வந்தார். இருவரையும் ஒருவரென எண்ணுவோர் இன்றும் உண்டு.

எம். கே. தியாகராஜ பாகவதருடன் நாடக மேடையில் ‘பவளக்கொடி’யாக நடித்துவந்த சுப்புலட்சுமி, 1934இல் அது படமானபோது அதே வேடத்தில் திரைக்கு வந்தார். இருவருக்கும், இயக்குநர் கே. சுப்பிரமணியத்துக்கும் அதுவே முதல் படம். படத்தில் ஏறத்தாழ ஐம்பது பாடல்கள். பின்னணிப் பாடகர் என்ற வழக்கம் வராத காலம். நடிப்பவரே பாட வேண்டும். சென்னையில் சூரிய ஒளியை நம்பிப் படம்பிடித்தார்கள். பின்னர் சுப்பிரமணியத்தையே மணந்தார்.

‘பக்த குசேலா’வில் (1936) கிருஷ்ணனாகவும் குசேலரின் மனைவியாகவும் இரு வேடம் ஏற்றார். பெண்கள் ஆண் வேடமிடுவது அன்று புதிதல்ல, கே. பி. சுந்தராம்பாள் நந்தனாராக நடித்திருந்தார். ஒரே படத்தில் தெய்வமும் ஏழை இல்லத்தரசியுமாக வருவதுதான் அரிது. குசேலர், பாபநாசம் சிவன்.

மூன்றாண்டு கழித்து அதே சிவன் அவருக்குத் தந்தையானார். படம் ‘தியாகபூமி’ (1939). கல்கியின் தொடர் ஆனந்த விகடனில் இப்படத்தின் புகைப்படங்களோடு வெளிவந்தது. எனவே வாசகர்களுக்குச் சாவித்திரியின் முகமே சுப்புலட்சுமியின் முகம்தான். கணவனால் கைவிடப்பட்ட சாவித்திரி செல்வந்தராகத் திரும்புகிறாள். சேர்ந்து வாழக் கோரி அவன் வழக்குத் தொடுக்கிறான். அவனுடன் வாழ மறுக்கும் அவள், வேண்டுமானால் ஜீவனாம்சம் தருவதாக நீதிமன்றத்தில் சொல்கிறாள். 1939இல் ஒரு தமிழ்க் கதாநாயகி இப்படிப் பேசியதே பெரிய செய்தி. ஆனால் தேச விடுதலைக் காட்சிகளுக்காக பிரிட்டிஷ் அரசு படத்தைத் தடைசெய்ய, அந்தத் தடையே வரலாறாக நின்றுவிட்டது. கல்கி, சுப்பிரமணியம் பற்றி நிறைய எழுதியிருக்கிறார்கள். படத்தைத் தாங்கிய நடிகைக்கு பெரும்பாலும் ஒரு வரிதான்.

‘அனந்தசயனம்’ (1942), போர்க்கால ‘மானசம்ரக்ஷணம்’ (1945) ஆகியவற்றுடன் அவர் கதாநாயகியாக இருந்த காலம் ஏறக்குறைய முடிந்தது. மொத்தம் பதினொரு ஆண்டுகள். ‘தியாகபூமி’யின் படி புனேயிலுள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தில் இருக்கிறது.