மாநில நெடுஞ்சாலை 15 (ஈரோடு – உதகமண்டலம்)

தமிழ்நாட்டின் மாநில நெடுஞ்சாலை 15, ஈரோட்டிலிருந்து கோபிசெட்டிபாளையம், சத்தியமங்கலம், புஞ்சை புளியம்பட்டி, சிறுமுகை, மேட்டுப்பாளையம், கோத்தகிரி வழியாக உதகமண்டலம் செல்லும் சாலை. நீளம் ஏறத்தாழ 160 கி.மீ. மைல்கல்லில் எண் ஒன்றுதான் என்றாலும் மேட்டுப்பாளையத்துக்குக் கீழே ஒரு சாலை, மேலே வேறொரு சாலை என்றே சொல்லலாம். கீழே உள்ளது கொங்குச் சந்தைகளின் சாலை. மேலே உள்ளது, நீலகிரிக்கு ஆங்கிலேயர் போட்ட முதல் பாதையின் வாரிசு. ஊட்டி ஒரு நகரமாவதற்கு முன்பே மலையேறத் தொடங்கிய பாதை அது.

1819 ஜனவரியில் கோயம்புத்தூர் கலெக்டர் ஜான் சல்லிவன் சிறுமுகைப் பக்கமிருந்து மலையேறினார். அவருக்கு முன்பே, 1812-இல் கீஸ், மக்மகோன் என்ற அளவையாளர்களும், 1818-இல் விஷ், கிண்டர்ஸ்லி என்ற இளம் அதிகாரிகளும் மேலே போய் வந்திருந்தார்கள். ஆனால் குளிர்ந்த மலையைப் பார்த்துவிட்டுத் திரும்பாமல் அங்கேயே வீடு கட்ட நினைத்தவர் சல்லிவன்தான். கோத்தகிரிக்கு அருகே திம்பட்டி, கன்னேரிமுக்குப் பகுதியில் ஐரோப்பியர் முதலில் தங்கினர். கன்னேரிமுக்கில் அவர் கட்டிய பங்களா இன்று அவர் நினைவில்லமாக இருக்கிறது. வீடு இருந்தால் வழி வேண்டும் அல்லவா? சிறுமுகையிலிருந்து கோத்தகிரிக்குக் குதிரைப் பாதை வெட்டும் வேலை மக்பெர்சன் என்ற இராணுவ அதிகாரியிடம் ஒப்படைக்கப்பட்டு, 1823-இல் முடிந்தது.

இந்தப் பாதையின் முதன்மை பத்து ஆண்டுகூட நிலைக்கவில்லை. சல்லிவனே ஊட்டிக்குக் குடிபெயர்ந்தார்; அதிகாரமும் பணமும் அவர் பின்னே போயின. 1830-களின் தொடக்கத்தில் குன்னூர் வழியாகப் புதுப் பாதை திறந்தது. 1899-இல் மேட்டுப்பாளையத்திலிருந்து குன்னூருக்கு மலை ரயிலும் வந்துவிட, கோத்தகிரி வழி இரண்டாமிடத்துக்குப் போனது. பிற்பாடு வண்டிச் சாலையாகி, மேட்டுப்பாளையத்திலிருந்தே ஏறத் தொடங்கினாலும் அந்த இடம் மாறவில்லை. தேயிலைத் தோட்டங்களும் படுகர் ஊர்களும் நிறைந்த கோத்தகிரி ஊட்டியைப்போல் நெரிசலாகாமல் தப்பியதற்கு இதுவும் ஒரு காரணம் என்றே தோன்றுகிறது.

கீழ்ப் பகுதிக்கு இப்படி ஒரு பிறந்தநாள் கிடையாது. சந்தைக்குச் சந்தை மாட்டுவண்டி போன தடங்கள் காலப்போக்கில் தார் கண்டு, பின்னர் ஒரே எண்ணுக்குள் வந்தவை. கவுந்தப்பாடியில் நாட்டுச் சர்க்கரை ஏலம். பழனிப் பஞ்சாமிர்தத்துக்கு இங்கிருந்து மூட்டை போகிறது. கோபியில் தடப்பள்ளி வாய்க்கால் பாயும் நெல்வயல்கள். சத்தியில் பூ மார்க்கெட்: மல்லி விடியுமுன் பறித்துப் பொழுது ஏறுமுன் விற்றாக வேண்டிய சரக்கு, அதனால் காலையில் இந்தச் சாலையில் பூக்கூடை கட்டிய மொபெட்டுகளுக்குத்தான் அவசரம். புளியம்பட்டியில் மாட்டுச் சந்தை, சிறுமுகையில் பட்டுத் தறி, மேட்டுப்பாளையத்தில் மலையிலிருந்து இறங்கும் உருளைக்கிழங்குக்கு மண்டி. சத்திக்கும் சிறுமுகைக்கும் நடுவே, சாலைக்கு வடக்கே, 1955-இல் முடிந்த பவானிசாகர் அணை. முற்காலத்தில் மலைக்குப் புறப்படுவோர் தங்கிய தணாயக்கன் கோட்டை அதன் நீருக்குள் போய்விட்டது. அணை வற்றும் ஆண்டுகளில் மாதவப் பெருமாள் கோயில் வெளியே தெரியும்.

மேட்டுப்பாளையத்திலிருந்து கோத்தகிரி 33 கி.மீ.; அதற்குள் ஏற்றம் சுமார் 1,450 மீட்டர். அங்கிருந்து தொட்டபெட்டா சந்திப்பு வழியாகச் சாலை ஊட்டியை அடைகிறது. மழைக்காலத்தில் மண்சரிவு இந்த மலைச்சாலைகளுக்குப் புதிதல்ல. 2009 நவம்பரில் நீலகிரி மாவட்டத்தில் மழையிலும் மண்சரிவிலும் நாற்பதுக்கும் மேற்பட்டோர் உயிரிழந்தனர்.

கோடை சீசனில் வாகனங்கள் குன்னூர் வழியாக ஏறி, கோத்தகிரி வழியாக இறங்க வேண்டும் என்ற ஒருவழி ஏற்பாடு வழக்கமாகிவிட்டது. ஏறுவதற்கென்று வெட்டிய முதல் பாதை இன்று சுற்றுலாப் பயணிகளுக்கு இறங்கும் பாதை. கோடை முற்றும்போது இந்த மலைச்சாலையில் உள்ள குஞ்சப்பனைப் பக்கம் பலா காய்க்கத் தொடங்கும். வாசனை பிடித்து யானைக் கூட்டம் சாலையைக் கடக்கும்போது, இறங்கும் கார்கள் விளக்கை அணைத்துவிட்டு வரிசையாக நிற்கும்.